நோய் எங்கிருந்து வருகிறது?

(புதுக்கோட்டை மாவட்டக் கடற்கரை ஊர்களின் இளைஞர்களும் வணிகர்களும் கலந்து கொண்ட கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



எல்லாப் புகழும் அல்லாஹ்வுக்கே! ஸலாத்தும் ஸலாமும் அண்ணல் நபி (ஸல்) அவர்கள் மீதும், அவர்களின் குடும்பத்தார், தோழர்கள் அனைவர் மீதும் உண்டாவதாக!

நம்முடைய ஊர்களில் ஒருவர் நோயுற்றுப் படுத்துவிட்டால் பார்க்கப் போகிறோம். நல்ல காரியம். நோயாளியை நலம் விசாரிப்பது ஒரு முஸ்லிம் இன்னொரு முஸ்லிமுக்குச் செய்ய வேண்டிய கடமை. ஆனால் போன இடத்தில் நாம் என்ன பேசுகிறோம்? "நேற்று வரைக்கும் நன்றாகத்தானே இருந்தார், திடீரென்று இப்படி ஆகிவிட்டதே" என்கிறார் ஒருவர். "யார் கண் பட்டதோ" என்கிறார் மற்றவர். "செய்வினையாக இருக்கும், ஓதிப் பாருங்கள்" என்று காதோடு சொல்கிறார் மூன்றாமவர். "எல்லாம் விதி" என்று சொல்லி எழுந்து வருகிறார் நான்காமவர்.

விதியை நம்புவது நம் ஈமானின் ஒரு பகுதி. அதில் யாருக்கும் ஐயமில்லை. ஆனால் விதியை நம்பச் சொன்ன அதே மார்க்கம், ஒட்டகத்தைக் கட்டிவிட்டு அல்லாஹ்வின் மீது பொறுப்புச் சாட்டு என்றும் சொல்லித் தந்ததை மறந்துவிட்டோமே! ஒவ்வொரு நோய்க்கும் அல்லாஹ் நிவாரணத்தை இறக்கியிருக்கிறான் என்று நபி (ஸல்) அவர்கள் அறிவித்தார்கள். நிவாரணம் இருக்கிறது என்றால் அதைத் தேட வேண்டும். நோய் எங்கிருந்து வருகிறது, எப்படி வளர்கிறது என்று தெரியாதவன் நிவாரணத்தை எங்கே போய்த் தேடுவான்?

ஆகவே இன்றைக்கு இதைப் பற்றித்தான் பேசப் போகிறோம்.

திடீர் நோய் என்று ஒன்று உண்டா?

அல்லாஹ் இந்த உடலை ஓர் ஒழுங்கில் படைத்திருக்கிறான். இரத்தத்தில் சர்க்கரை இவ்வளவு, உப்பு இவ்வளவு, உடலின் சூடு இவ்வளவு என்று எல்லாவற்றுக்கும் அளவு வைத்திருக்கிறான். அந்த அளவு மாறும்போது உடல் தானாகவே சரி செய்து கொள்ளப் பாடுபடுகிறது. சரி செய்ய முடியாத அளவுக்கு ஒழுங்கு குலைந்தால் அதற்குப் பெயர்தான் நோய்.

காய்ச்சலை நாம் நோய் என்கிறோம். உண்மையில் பெரும்பாலும் காய்ச்சல் என்பது உடல் நடத்தும் போராட்டத்தின் அடையாளம். உள்ளே நுழைந்த கிருமியோடு உடல் மோதுகிறது. அதனால் சூடு ஏறுகிறது. மாத்திரை போட்டுச் சூட்டை இறக்கிவிட்டால் அடையாளம் மறையும். காரணம் உள்ளே அப்படியே இருக்கலாம்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். கிருமி நுழைந்த நாள் வேறு, நோய் தெரிகிற நாள் வேறு. காலரா கிருமி உள்ளே போனால் சில மணி நேரத்திலிருந்து ஐந்து நாட்களுக்குள் வாந்திபேதி தொடங்கும். டைபாய்டு வெளியே தெரியப் பொதுவாக ஒன்று, இரண்டு வாரங்கள் ஆகும். கெட்ட தண்ணீரால் வரும் மஞ்சள் காமாலை ஏறத்தாழ நான்கு வாரங்கள் கழித்துக் கூடத் தெரியும். போன மாதம் ஏதோ ஒரு கல்யாண வீட்டில் குடித்த தண்ணீருக்கு இந்த மாதம் கண் மஞ்சளாகிறது. நாமோ நேற்று யார் வீட்டுக்குப் போனோம், யார் கண் பட்டது என்று கணக்குப் பார்த்துக் கொண்டிருக்கிறோம்!

வேங்கைவயல் கற்றுத் தரும் பாடம்

வெளிநாட்டு உதாரணம் தேட வேண்டியதில்லை. நம் மாவட்டத்திலேயே நாடறிந்த ஓர் உதாரணம் இருக்கிறது. அன்னவாசல் ஒன்றியம், முத்துக்காடு ஊராட்சியைச் சேர்ந்த வேங்கைவயல். 2022 டிசம்பரில் அங்கே தலித் மக்கள் குடியிருப்பில் பிள்ளைகள் அடுத்தடுத்து நோயுற்றார்கள். காய்ச்சல், வாந்தி, வயிற்றுப்போக்கு. பெற்றோர் பிள்ளைகளைத் தூக்கிக் கொண்டு மருத்துவமனைக்கு ஓடினார்கள்.

மருந்து கொடுத்து அனுப்பியதோடு மருத்துவர்கள் நின்றிருந்தால் என்ன ஆகியிருக்கும்? பிள்ளைகள் வீட்டுக்குப் போய் அதே தண்ணீரைக் குடித்து மறுபடியும் படுத்திருப்பார்கள். ஆனால் குடிக்கிற தண்ணீரைப் பாருங்கள் என்று சொல்லப்பட்டது. டிசம்பர் 26 அன்று ஊரார் மேல்நிலை நீர்த்தேக்கத் தொட்டியில் ஏறிப் பார்த்தார்கள். அந்தத் தண்ணீரில் மனித மலம் கலக்கப்பட்டிருந்தது.

மறுநாள் மாவட்ட ஆட்சியரும் காவல்துறைக் கண்காணிப்பாளரும் அந்த ஊருக்குப் போனார்கள். போன இடத்தில் வேறு இரண்டு உண்மைகளும் வெளியே வந்தன. தேநீர்க் கடையில் இரட்டைக் குவளை. கோயிலுக்குள் நுழையத் தடை. 2023 ஜனவரியில் வழக்கு சி.பி.சி.ஐ.டி.க்கு மாற்றப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றம் ஓய்வு பெற்ற நீதிபதி ஒருவர் தலைமையில் ஆணையமும் அமைத்தது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 2025 ஜனவரியில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யப்பட்டது. அதில் குற்றவாளிகளாகக் காட்டப்பட்ட மூவரும் பாதிக்கப்பட்ட அதே சமூகத்தைச் சேர்ந்தவர்கள். அதை ஏற்க முடியாது என்று அந்த மக்களும் பல கட்சிகளும் எதிர்த்தார்கள், சி.பி.ஐ. விசாரணை கேட்டார்கள்.

சகோதரர்களே! இதில் நமக்கு இரண்டு பாடங்கள் இருக்கின்றன. முதல் பாடம்: நோயைப் பார்ப்பவன் நோயாளியோடு நின்றுவிடக் கூடாது. அவன் குடித்த தண்ணீர், அந்தத் தண்ணீர் வந்த குழாய், அந்தக் குழாய்க்குத் தண்ணீர் கொடுத்த தொட்டி என்று பின்னோக்கிப் போக வேண்டும். 1854-ல் லண்டனில் காலரா பரவியபோது ஜான் ஸ்நோ என்ற மருத்துவர் இதைத்தான் செய்தார். இறந்தவர்களின் வீடுகளைக் கணக்கெடுத்தார். பெரும்பாலோர் ஒரே தெருக் குழாயில் தண்ணீர் பிடித்தவர்கள் என்று கண்டார். குழாயின் கைப்பிடியைக் கழற்றச் சொன்னார். அப்போது காலராக் கிருமியை மருத்துவ உலகம் ஏற்றுக் கொண்டிருக்கவேயில்லை. ராபர்ட் கோக் அதைக் கண்டறிந்து உறுதிப்படுத்தியது 1884-ல், நம் நாட்டின் கல்கத்தாவில்.

இரண்டாவது பாடம்: எந்தக் குடியிருப்புக்கு உரிமை மறுக்கப்படுகிறதோ அந்தக் குடியிருப்புக்குத்தான் நோய் முதலில் வருகிறது. தேங்கி நிற்கும் தண்ணீரில் சிறுநீர் கழிப்பதையே நபி (ஸல்) அவர்கள் தடுத்தார்கள். மக்கள் தண்ணீர் எடுக்கும் இடத்தையும், நடக்கும் பாதையையும், ஒதுங்கும் நிழலையும் அசுத்தம் செய்வது சாபத்துக்குரிய செயல் என்று எச்சரித்தார்கள். அந்த நபியின் உம்மத்தினராகிய நாம், வேங்கைவயல் மக்களுக்கு நீதி கேட்பதை வேறு யாருடைய பிரச்சினையோ என்று நினைத்து ஒதுங்க முடியாது. இது மார்க்கம் நம் மீது வைத்திருக்கும் பொறுப்பு.

வாந்திபேதி எப்படிக் கொல்கிறது?

வாந்திபேதியில் மனிதனைக் கொல்வது பெரும்பாலும் தண்ணீர் இழப்புதான். உடலில் உள்ள தண்ணீரும் உப்பும் மணிக்கணக்கில் வெளியேறிவிடுகின்றன. இரத்தம் சுண்டுகிறது. சிறுநீரகம் நிற்கிறது. ஆனால் நம் வீடுகளில் என்ன செய்கிறோம்? "வயிற்றால் போகிறது, தண்ணீர் கொடுக்காதே" என்று பிள்ளைக்குத் தண்ணீரை நிறுத்துகிறோம்!

1971-ல் வங்கதேசப் போரின்போது அகதிகள் இலட்சக்கணக்கில் மேற்கு வங்கத்துக்குள் வந்தார்கள். முகாம்களில் காலரா பரவியது. நரம்பில் ஏற்றும் குளுக்கோஸ் பாட்டில்கள் தீர்ந்து போயின. பங்காவ் என்ற ஊரில் டாக்டர் திலீப் மஹலானபிஸ் சர்க்கரையும் உப்பும் கலந்த தண்ணீரைப் பெரிய பீப்பாய்களில் வைத்து, உறவினர்களையே நோயாளிகளுக்குக் கொடுக்கச் சொன்னார். நூற்றுக்கு முப்பது பேர் வரை இறந்து கொண்டிருந்த இடத்தில் இறப்பு நூற்றுக்கு நான்குக்கும் கீழே வந்தது.

இதை மனப்பாடம் செய்து கொள்ளுங்கள். காய்ச்சி ஆறிய தண்ணீர் ஒரு லிட்டர். அதில் சிறு தேக்கரண்டியால் தலை தட்டி ஆறு கரண்டி சர்க்கரை, அரைக் கரண்டி உப்பு. கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்துக் கொண்டே மருத்துவமனைக்குப் போங்கள். மருந்துக் கடையிலும் அரசு ஆரம்ப சுகாதார நிலையத்திலும் இதற்கென்று பொட்டலம் கிடைக்கிறது.

வணிகப் பெருமக்களே! உங்களிடம் தனியாக ஒரு வார்த்தை. நீங்கள் ஓட்டல் நடத்துகிறீர்கள். டீக்கடை, பேக்கரி நடத்துகிறீர்கள். சமையலுக்கு ஆள் அனுப்புகிறீர்கள். எடை குறைத்தால் ஹராம் என்று தெரிந்து வைத்திருக்கிறோம். தொட்டியைக் கழுவாமல் அந்தத் தண்ணீரை வாடிக்கையாளருக்கு ஊற்றிக் கொடுப்பது ஹலாலா? பாத்திரங்களை மூடி வையுங்கள், தோல் பைகளின் வாயைக் கட்டி வையுங்கள் என்று நபி (ஸல்) அவர்கள் கட்டளையிட்டார்கள். தூங்கி எழுந்தவன் கையைக் கழுவாமல் பாத்திரத்துக்குள் விடக் கூடாது என்றார்கள். சமையற்காரர் ஒருவர் உடம்பில் எந்த நோயும் தெரியாமலேயே டைபாய்டு கிருமியைச் சுமந்து பிறருக்குக் கொடுக்க முடியும். அமெரிக்காவில் மேரி மாலன் என்ற சமையற்காரப் பெண் இப்படித்தான் வீடு வீடாக நோயைக் கொண்டு சேர்த்தார் என்பது 1907-ல் தெரிய வந்தது. தான் நோய் பரப்புவதாக அவர் கடைசிவரை ஒப்புக் கொள்ளவில்லை. ஆகவே சோப்புப் போட்டுக் கை கழுவாமல் யாரும் அடுப்படிக்குள் வரக் கூடாது என்று கடையில் சட்டம் போடுங்கள்.

தொற்று உண்டா, இல்லையா?

சில இளைஞர்கள் ஒரு ஹதீஸைக் கையில் வைத்துக் கொண்டு, இஸ்லாத்தில் தொற்றுநோயே கிடையாது என்று வாதிடுகிறார்கள். அரைகுறையாகப் படித்ததன் விளைவு இது.

தொற்று இல்லை என்று நபி (ஸல்) அவர்கள் சொன்னது உண்மை. அறியாமைக் கால அரபிகள் நோய் தானாகவே சக்தி பெற்றுப் பாய்கிறது என்று நம்பினார்கள். அந்த நம்பிக்கையைத் தகர்க்கத்தான் முதல் ஒட்டகத்துக்கு நோயைக் கொடுத்தது யார் என்று கேட்டார்கள். அல்லாஹ்வின் நாட்டமின்றி எதுவும் நடக்காது என்பது அதன் கருத்து. அதே நபி (ஸல்) அவர்கள்தான் நோயுற்ற ஒட்டகங்களை ஆரோக்கியமான ஒட்டகங்களிடம் கொண்டு போகாதீர்கள் என்றும் தடுத்தார்கள். கொள்ளைநோய் பரவிய ஊருக்குள் போகாதீர்கள், நீங்கள் இருக்கும் ஊரில் பரவினால் அங்கிருந்து வெளியேறாதீர்கள் என்றும் சட்டம் வகுத்தார்கள். ஒன்றை எடுத்துக் கொண்டு மற்றவற்றை விடுவது மார்க்கமாகுமா?

ஹஜ்ரத் உமர் (ரலி) அவர்கள் ஷாம் நாட்டை நோக்கிப் புறப்பட்டுச் 'சர்க்' என்ற இடத்தை அடைந்தபோது அங்கே கொள்ளைநோய் பரவிய செய்தி கிடைத்தது. தோழர்களிடம் ஆலோசனை கலந்து, திரும்பிப் போக முடிவு செய்தார்கள். அல்லாஹ்வின் விதியைவிட்டு ஓடுகிறீர்களா என்று அபூஉபைதா (ரலி) அவர்கள் கேட்டார்கள். ஆம், அல்லாஹ்வின் ஒரு விதியிலிருந்து மற்றொரு விதிக்குத்தான் போகிறோம் என்பது உமர் (ரலி) அவர்களின் பதில். செழிப்பான கரையும் வறண்ட கரையும் உள்ள ஒரு பள்ளத்தாக்கில் நீ எந்தக் கரையில் ஒட்டகத்தை மேய்த்தாலும் அதுவும் விதிதானே என்று விளக்கினார்கள். பிறகு அப்துர்ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி) அவர்கள் வந்து நபிமொழியை எடுத்துரைத்தபோது, தம் முடிவு சரியாக அமைந்ததற்காக உமர் (ரலி) அல்லாஹ்வைப் புகழ்ந்தார்கள்.

நம் முன்னோர்கள் இந்தப் பாதையில்தான் நடந்தார்கள். அம்மையையும் தட்டம்மையையும் தனித்தனி நோய்கள் என்று பிரித்து நூல் எழுதியவர் அர்ராஸீ. 1348-ல் ஸ்பெயினில் பிளேக் பரவியபோது, நோயாளியின் ஆடை, பாத்திரம் வழியாகவும் நோய் பரவுவதைக் கண்கூடாகக் காண்கிறோம் என்று எழுதியவர் கிரனாடாவின் இப்னுல் கதீப். அப்படிப்பட்ட சமுதாயத்தின் பிள்ளைகள், 2017-ல் தமிழகத்தில் தட்டம்மை-ரூபெல்லா தடுப்பூசி போடப்பட்டபோது வாட்ஸ்அப் வதந்தியை நம்பிப் பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பாமல் வீட்டில் ஒளித்தார்கள் என்றால் இது தலைகுனிவல்லவா? போலியோவை நம் நாடு விரட்டியது இதே தடுப்பு மருந்தால்தான். 2011 ஜனவரிக்குப் பிறகு இயற்கைப் போலியோக் கிருமியால் இந்தியாவில் ஒரு பிள்ளையும் முடமாகவில்லை.

நோய்க்கு மதம் பூசியவர்கள்

காரணம் தெரியாத இடத்தில் பழி வந்து உட்கார்ந்து கொள்ளும். அதே 1348-49-ல் ஐரோப்பாவில் பிளேக் பரவியபோது, யூதர்கள் கிணறுகளில் விஷம் கலந்துவிட்டார்கள் என்று வதந்தி பரப்பினார்கள். ஊர் ஊராக யூதர்களை எரித்துக் கொன்றார்கள். அவர்களும் அதே பிளேக்கில் செத்துக் கொண்டிருந்தவர்கள்தான்!

2020 மார்ச்சில் டெல்லி நிஜாமுத்தீன் மர்கஸுக்குப் போய் வந்தவர்களை வைத்து நம்மை என்ன பாடு படுத்தினார்கள்! 'கொரோனா ஜிஹாத்' என்று தொலைக்காட்சிகள் அலறின. தமிழகத்தின் அன்றாட அறிக்கையில் 'சிங்கிள் சோர்ஸ்' என்று ஒரு தனிக் கணக்கே காட்டப்பட்டது. நம் தள்ளுவண்டி வியாபாரிகளிடம் காய்கறி வாங்காதே என்று நாட்டின் பல இடங்களில் பிரச்சாரம் நடந்தது. கிருமிக்கு மதம் தெரியுமா? மூடிய இடத்தில் கூட்டம் கூடினால் அது பரவும். அந்தக் கூட்டம் இஜ்திமாவாக இருந்தாலும் சரி, திருமணமாக இருந்தாலும் சரி, தேர்தல் பொதுக்கூட்டமாக இருந்தாலும் சரி.

2020 ஆகஸ்டில் மும்பை உயர் நீதிமன்றத்தின் அவுரங்காபாத் கிளை, வெளிநாட்டு ஜமாஅத்தினர் மீது போட்ட வழக்குகளை ரத்து செய்தது; அவர்கள் பலிகடாவாக்கப்பட்டிருக்க வாய்ப்புண்டு என்றும் குறிப்பிட்டது. அதற்கு முன்பே குணமடைந்த ஜமாஅத்தினர் மற்ற நோயாளிகளுக்காகப் பிளாஸ்மா கொடுக்க முன்வந்தார்கள். சென்னையில் 2020 ஏப்ரலில் கொரோனாவால் இறந்த டாக்டர் சைமன் ஹெர்குலிஸின் உடலை அடக்கம் செய்யவிடாமல் ஒரு கும்பல் கல்லெறிந்தது. அந்தக் காலத்தில் நம் சமுதாய இயக்கங்களின் தொண்டர்கள் எல்லா மதத்தவரின் உடல்களையும் அவரவர் முறைப்படி அடக்கம் செய்தார்கள். நோயைப் பற்றிய அறிவு இருந்ததால் பாதுகாப்பு உடையோடு தைரியமாகப் போனார்கள். அறிவு இல்லாதவர்கள் கல்லை எடுத்தார்கள்.

உள்ளேயே வளரும் நோய்

இதுவரை வெளியிலிருந்து வருகிற நோயைப் பார்த்தோம். இன்று நம் கடைவீதிகளை அதிகமாகக் காலி செய்வது உள்ளேயே வளரும் நோய். சர்க்கரை, இரத்த அழுத்தம், மாரடைப்பு.

நாம் உண்ணும் சோறும் பரோட்டாவும் சர்க்கரையாக மாறி இரத்தத்தில் சேர்கின்றன. அந்தச் சர்க்கரையை உடலின் தசைகளுக்குள் அனுப்புவதற்குக் கணையம் இன்சுலின் என்ற நீரைச் சுரக்கிறது. வயிறு பெருத்து, உடலுழைப்பு குறையும்போது தசைகள் இன்சுலினுக்குக் கட்டுப்பட மறுக்கின்றன. கணையம் இன்னும் அதிகமாகச் சுரக்கிறது. பல ஆண்டுகள் இப்படியே போகும். வெளியே ஒன்றும் தெரியாது. ஒரு கட்டத்தில் கணையம் களைத்துப் போகிறது. அன்றுதான் சர்க்கரை நிலையாக ஏறுகிறது. அப்போதும் வலி கிடையாது. வலியில்லாமலேயே கண்ணின் நரம்பையும், சிறுநீரகத்தின் வடிகட்டியையும், காலின் உணர்ச்சியையும், இதயத்தின் குழாயையும் அரிக்கிறது. காலில் முள் குத்தியது கூடத் தெரியாமல் நடந்து, புண்ணாகி, அழுகிய பிறகு மருத்துவமனைக்குப் போகிறோம். "திடீரென்று காலை எடுத்துவிட்டார்கள்" என்கிறோம். பத்து ஆண்டுகளாக வளர்ந்தது எப்படித் திடீரென்று ஆகும்?

இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சிலின் ஆய்வு 2023-ல் வெளிவந்தது. நாட்டில் 10.1 கோடிப் பேருக்குச் சர்க்கரை நோய். 13.6 கோடிப் பேர் அதன் வாசலில் நிற்கிறார்கள். வாசலில் நிற்பவர்கள் திரும்பி வர முடியும் என்பதுதான் நல்ல செய்தி. வெறும் வயிற்றில் இரத்தச் சர்க்கரை 100-க்குக் கீழே இருந்தால் கவலையில்லை. 100 முதல் 125 வரை எச்சரிக்கை. 126-ம் அதற்கு மேலும் மறு பரிசோதனையிலும் வந்தால் நோய். எச்சரிக்கைக் கட்டத்தில் எடையைக் குறைத்து, தினமும் அரை மணி நேரம் வேகமாக நடந்தாலே பலர் தப்பிவிடலாம். சர்க்கரை உள்ளவருக்குக் காசநோய் வரும் ஆபத்தும் இரண்டு மூன்று மடங்கு அதிகம் என்பதையும் தெரிந்து கொள்ளுங்கள். உள்ளே வளர்ந்த நோய், வெளியிலிருந்து வரும் நோய்க்குக் கதவைத் திறந்து விடுகிறது.

நம் வாழ்க்கையைப் பாருங்கள். காலையில் கல்லாவில் உட்கார்ந்தவர் இரவு கடை சாத்தும்போதுதான் எழுகிறார். இடையில் ஆறு டீ. இரவு பதினொரு மணிக்கு வயிறு நிறையச் சாப்பாடு. சபுரிலிருந்து வரும் சகோதரர்கள் அங்கே அறையில் நான்கு பேரோடு படுத்து, கிடைத்ததைத் தின்று, மாத்திரைக்குச் செலவு செய்யாமல் மிச்சம் பிடித்து வீடு கட்டுகிறார்கள். வீடு முடிகிறபோது சிறுநீரகம் முடிந்து போகிறது. வயிற்றில் மூன்றில் ஒரு பங்கு உணவுக்கு, ஒரு பங்கு தண்ணீருக்கு, ஒரு பங்கு மூச்சுக்கு என்று நபி (ஸல்) அவர்கள் காட்டிய வழியை வலிமாப் பந்தியில் நாம் நினைப்பதே இல்லை.

தாயத்தும் போலி வைத்தியமும்

நோய் முற்றியதும் எங்கே ஓடுகிறோம்? தாயத்து, தகடு, முடிகயிறு. இவை ஈமானுக்கே ஆபத்து. துஆச் செய்யுங்கள், நபி (ஸல்) அவர்கள் கற்றுத் தந்த முறையில் ஓதுங்கள், அது நம் பலம். ஆனால் சிகிச்சையை நிறுத்திவிட்டு ஓதச் சொல்லி அவர்கள் கற்றுத் தரவில்லை. ஒரே மருந்தில் சர்க்கரையை அடியோடு ஒழிப்பேன் என்று விளம்பரம் செய்பவர்களை நம்பி மாத்திரையை நிறுத்துகிறவர்கள் இருக்கிறார்கள். மருத்துவம் தெரியாமல் மருத்துவம் பார்ப்பவன் அதன் விளைவுக்குப் பொறுப்பாளி என்பது நபிமொழி. அந்தப் பொறுப்பை அவன் தலையில் கட்டுவதற்கு முன் உயிர் போய்விடுமே!

நாம் செய்ய வேண்டியது

இந்தப் புதுக்கோட்டை மண்ணில் 1886-ல் பிறந்தவர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தவர். அழுதுவிட்டு உட்காரவில்லை. நிதி திரட்டினார், அரசிடம் போராடினார். 1954-ல் அடையாறு புற்றுநோய் மருத்துவமனை இயங்கத் தொடங்கியது. ஒரு பெண்மணி ஒரு துயரத்திலிருந்து இவ்வளவு செய்ய முடிந்தால், ஜமாஅத்தும் பைத்துல்மாலும் வைத்திருக்கும் நம்மால் என்ன செய்ய முடியாது?

ஒவ்வொரு மஹல்லாவிலும் மாதம் ஒரு ஜும்ஆவுக்குப் பிறகு சர்க்கரை, இரத்த அழுத்தப் பரிசோதனை நடக்கட்டும். முப்பது வயதைக் கடந்த ஒவ்வொருவரும், பெண்கள் உட்பட, ஆண்டுக்கு ஒரு முறையாவது பார்த்துக் கொள்ள வேண்டும். 2021-ல் தமிழக அரசு தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் மாத்திரை வீட்டுக்கே வரும் ஏற்பாடு இருக்கிறது. நம் தெருவில் யாருக்கெல்லாம் அது வரவில்லை என்று இளைஞர்கள் கணக்கெடுங்கள். வராத இடத்தில் மனுக் கொடுங்கள். புதுக்கோட்டையில் 2017-ல் அரசு மருத்துவக் கல்லூரி வந்துவிட்டது. கடற்கரை ஊரிலிருந்து அங்கே போய் வர ஏழைக்குப் பேருந்துச் செலவும் ஒரு நாள் கூலியும் போகும். அந்தச் செலவை பைத்துல்மால் ஏற்கட்டும்.

பள்ளிவாசல் ஹவுளையும் மேல்நிலைத் தொட்டியையும் எப்போது கழுவினோம் என்று தேதியைச் சுவரில் எழுதி வைக்க முத்தவல்லிகளைக் கேட்டுக் கொள்கிறேன். ஊராட்சித் தொட்டிக்கும் இதையே கிராம சபையில் எழுந்து நின்று கேளுங்கள். நம் தெருவுக்கு மட்டும் கேட்காதீர்கள். பக்கத்துக் காலனிக்கும் மீனவர் குப்பத்துக்கும் சேர்த்துக் கேளுங்கள். தண்ணீர்க் குழாய் மதம் பார்த்தோ சாதி பார்த்தோ ஓடுவதில்லை. அங்கே நோய் இருந்தால் இங்கே வராமல் இருக்காது.

உடல் என்பது அல்லாஹ் நம்மிடம் ஒப்படைத்திருக்கும் அமானிதம். ஆரோக்கியத்தைப் பற்றி மறுமையில் கேள்வி உண்டு. கடையின் கணக்கைத் தினமும் இரவில் பார்க்கிறோம். இந்த அமானிதத்தின் கணக்கை ஆண்டுக்கு ஒரு முறையாவது பார்க்க வேண்டாமா?

எல்லாம் வல்ல அல்லாஹ் நம் நோயாளிகளுக்குப் பூரண ஷிஃபாவைத் தருவானாக! நோயின் காரணத்தை அறிந்து தடுக்கும் அறிவையும், பிறர் துயரில் பங்கெடுக்கும் மனதையும் நமக்குத் தருவானாக! ஆமீன்.

வஆகிரு தஃவானா அனில் ஹம்து லில்லாஹி ரப்பில் ஆலமீன்.